இவ்வாரக் கணவர்

என் அக்காவை மணந்தவருக்கு ஏதோ ஒரு நோய் இருக்கிறது, தொழிற்சாலையில் நிரந்தர வேலை கிடைத்துவிட்டால் அது தானாகவே குணமாகிவிடும் என்று அந்நாட்களில் எங்கள் குடும்பம் உறுதியாக நம்பியது. அம்மா வேளாங்கண்ணிக்கு மெழுகுவர்த்தி நேர்ந்துகொண்டார். மண்ணூரிலிருந்து தொழிற்சாலைப் பேருந்து ஏறி ஏறியே தலை நரைத்தவரான அப்பா, மருமகனுக்கென்று வெளிர்நீலச் சட்டையும் கருநீலக் கால்சட்டையும் கொண்ட ஒரு சீருடையைத் தைத்துக் கூடத்து ஆணியில் மாட்டியே வைத்துவிட்டார். நோயின் பெயர் தொலைக்காட்சி.

ஸ்ரீபெரும்புதூர் தொடங்கி ஒரகடம் வரை கார் செய்கிறார்கள், கண்ணாடி செய்கிறார்கள், டயரும் கைபேசியும் செய்கிறார்கள். ஆனால் மூலப்பொருள் ஏதுமின்றி, ஒரே ஒரு ஆளைக் கொண்டு, விடுமுறையே இல்லாமல் உற்பத்தி நடந்த தொழிற்சாலை இந்த வட்டாரத்தில் ஒன்றுதான். அது எங்கள் மாமா.

அவருடைய ஞானஸ்நானப் பெயர் திருச்சபைப் பதிவேட்டைத் தவிர வேறெங்கும் புழங்கவில்லை. ஊருக்கு அவர் 'ரோலிங்'. அந்தப் பெயர் வந்ததற்கு எங்கள் பங்குத் தந்தையே சாட்சி. திருமணத்தன்று, "முழு மனத்தோடு சம்மதிக்கிறீரா?" என்று தந்தை கேட்டபோது, மணமகன் மணமகளையும் பார்க்கவில்லை, பீடத்தையும் பார்க்கவில்லை, மூலையில் நின்ற வீடியோக்காரரின் கேமராவில் சிவப்பு விளக்கு எரிகிறதா என்றே பார்த்துக்கொண்டிருந்தார். விளக்கு எரிந்தது. "ரோலிங், ஃபாதர்!" என்றார் மலர்ந்த முகத்தோடு. தந்தை சிறிது யோசித்து, அதையே சம்மதமாக ஏற்றுக்கொண்டு திருப்பலியைத் தொடர்ந்தார்.

ஸ்ரீபெரும்புதூரில், பஞ்சர் கடைக்கு மேலே இருந்த ஓர் அறையிலிருந்து ஒளிபரப்பான உள்ளூர் கேபிள் சேனலுக்கு ரோலிங் மாமாவே இயக்குநர், தயாரிப்பாளர், ஒளிப்பதிவாளர், செய்தி வாசிப்பாளர். காலையில் பெருமாள் புறப்பாடு, முற்பகலில் சமையல், மாலையில் விநாடி வினா, பிறகு ஏரியா செய்திகள். ஞாயிற்றுக்கிழமைகளில் ஜெப ஆராதனையும் உண்டு. பெருமாள் புறப்பாட்டை அவர் எடுக்கும் அழகைக் கண்டு, பட்டர் ஒருவர் அவருக்குத் துளசிமாலை போட்டார். அதே மாலையோடு கிறிஸ்துமஸ் நிகழ்ச்சிக்கு வந்து கேமராவைத் தூக்கினார். எவரும் ஆட்சேபிக்கவில்லை. கேமராவுக்குப் பின்னால் நிற்பவருக்கு மதம் கிடையாது என்று எங்கள் பகுதி மக்கள் அவரைப் பார்த்தே முடிவு செய்திருந்தார்கள்.

சமையல் நிகழ்ச்சியில் சமைப்பதும் அவர்தான் என்பது பலருக்குத் தெரியாது. கேமராவைத் தாங்கியில் நிறுத்திவிட்டு, கைகளை மட்டும் சட்டத்துக்குள் நீட்டிக் கத்திரிக்காய் நறுக்குவார். அந்தக் கைகளுக்கு அக்காவின் வளையல்களைப் போட்டுக்கொள்வார். "அந்தம்மா கையில இன்னா ரோமம்!" என்று கடைத்தெருவில் பேசிக்கொண்டார்கள். மறுவாரம் முதல் அந்தம்மா முழுக்கை ரவிக்கை அணிந்தார்.

மின்தடை மிகுந்திருந்த காலம் அது. எந்தத் தெருவில் எப்போது மின்சாரம் நிற்கும் என்பதை அவர் மக்கள்மேல் கொண்ட அக்கறையால் நாள்தோறும் தவறாமல் அறிவிப்பார். அந்த அறிவிப்பு ஒளிபரப்பாகும் வேளையில் தவறாமல் மின்சாரம் நின்றுவிடும். "இருட்டுல ஒக்காந்துகீறவனுக்கு வேற யாரு கீறாங்க? நாமதான் கீறோம்," என்பார். இருட்டில் அமர்ந்திருப்பவனுக்கு அவர் இருப்பது எப்படித் தெரியும் என்று கேட்க எங்களுக்கு மனம் வந்ததில்லை.

இவ்வளவையும் குடும்பம் பொறுத்துக்கொண்டது. பொறுக்க முடியாமற் போனது அவர் நெடுந்தொடர் எடுக்கத் தொடங்கியபோதுதான்.

தொடரின் பெயர் 'மரகதம் வீடு'. மரகதமாக என் அக்கா ரெஜினா நடித்தாள். சம்பளம் கேட்காத நடிகை வேறெவரும் கிடைக்கவில்லை என்பது காரணம். வீடாக எங்கள் வீடு நடித்தது, காரணம் அதுவே. கணவன் வேடத்துக்குத் தொழிற்சாலையில் வேலை பார்த்த சேகரைப் பிடித்தார். மண்ணூர்க்காரர், கம்பீரமான மீசை, கண்ணில் நினைத்தவுடன் நீர் வரவழைக்கும் ஆற்றல். முதல் வாரம் ஊரே பேசியது.

இரண்டாம் வாரம் சேகர் வரவில்லை. ஷிப்டு மாறிவிட்டது.

எங்கள் பகுதியின் நாட்காட்டி அதுதான். முதல் ஷிப்டுக்காரர் விடியுமுன் பஸ் ஏறிவிடுவார். மூன்றாம் ஷிப்டுக்காரர் காலையில் வீடு திரும்பிப் போர்வைக்குள் புகுந்துவிடுவார். படப்பிடிப்புக்கேற்ற வெளிச்சமுள்ள முற்பகலில் குளித்துத் தலைவாரி நிற்கக்கூடிய ஆண்மகன் இரண்டாம் ஷிப்டுக்காரர் ஒருவரே. அந்த ஷிப்டோ வாராவாரம் கைமாறும். வேறொரு இயக்குநராக இருந்தால் தொடரை நிறுத்தியிருப்பார். ரோலிங் மாமா மூன்று ஷிப்டிலிருந்தும் ஒவ்வொரு கணவரை நியமித்தார். சேகருக்கு அடுத்து ஜான். மீசை கிடையாது, சற்றுக் குள்ளம், எப்போதும் சிரித்த முகம். அவருக்கு அடுத்து, வேலை தேடித் தென்காசிப் பக்கத்திலிருந்து வந்த இசக்கி. நெடிய உருவம், நெல்லைத் தமிழ்.

பார்ப்பவர்கள் குழம்பக் கூடாதே என்பதற்காக ஒவ்வொரு திங்கட்கிழமையும் தொடக்கத்தில் திரை நிறைய ஓர் அறிவிப்பு வரும்: 'இவ்வாரக் கணவர்: ஜான்.'

இசக்கி வாரத்தில் மரகதத்தின் கணவன் நெல்லைத் தமிழ் பேசுவான். "ஏளா, சோறு வைக்கியா?" என்று அவன் கேட்க, "இன்னாத்துக்கு இப்டி கூவற?" என்று அக்கா பதில் சொல்வாள். மறுவாரம் அதே கணவனுக்கு மீசை முளைத்து, மெட்ராஸ் பாஷை வந்திருக்கும். மக்கள் மிக எளிதாக ஏற்றுக்கொண்டார்கள். பெண் தொழிலாளர் விடுதிகளில் கட்சிகளே உருவாயின. ஒரு நாள் அக்காவும் நானும் காய்கறி வாங்க நின்றபோது விடுதிப் பெண்ணொருத்தி ஓடி வந்து அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அக்கா, ஜான் அண்ணன் வாரத்தை இன்னொரு வாரம் நீட்டச் சொல்லுங்கக்கா. அவர்தான் பாத்திரமெல்லாம் கழுவித் தராரு. அந்த மீசை வந்தா ஒங்கள அழ வுட்டுனே கீறான்."

"நான் இன்னாம்மா பண்றது? ஷிப்டு மாறினா புருஷன் மாறித்தான் ஆவணும்," என்றாள் அக்கா, தக்காளியை அழுத்திப் பார்த்தபடி.

அக்காவுக்கு அது வேடிக்கை. அப்பாவுக்கு அது கோயில் வாசலில் நேர்ந்த அவமானம். ஞாயிறு பூசை முடிந்து வெளியே வந்தவரை, உபதேசியார் பணிவோடு நிறுத்தி, "ஐயா, நம்ம ரெஜினாவுக்கு இந்த வாரம் புருஷன் யாரு?" என்று கேட்டுவிட்டார். கேட்டவர் மனத்தில் துளியும் விகற்பமில்லை, ரசிகர். ஆனால் அப்பா நேரே வீட்டுக்கு நடந்தார். வந்ததும் மருமகனைக் கூடத்துக்கு அழைத்தார்.

"மாப்ள, எங்க சூப்பர்வைசருகிட்ட சொல்லி வச்சிகீறேன். ஆயுத பூஜை வரிக்கும் டைம். அதுக்குள்ள மெட்ராஸ் டிவிக்காரன் எவனாவது ஒன் நாடகத்த எடுத்துக்கினா, நான் வாயே தொறக்கல. இல்லன்னா மறுநாள் காத்தால இத மாட்டிகினு எங்கூட பஸ் ஏர்றே." ஆணியில் தொங்கிய சீருடையைச் சுட்டினார். "லைன்ல நின்னா ரெண்டே மாசம். இதெல்லாம் மறந்துபூடும்."

"சரி மாமா," என்றார் ரோலிங். மறுத்துப் பேசும் பழக்கம் அவருக்கு இல்லை. ஆனால் அன்று மாலை விநாடி வினாவில், தாமே கேட்ட கேள்விகளுக்குத் தாமே விடை தெரியாமல் நின்றார். லைனில் நிற்க அவர் அஞ்சவில்லை. மறந்துவிடும் என்று அப்பா சொன்னாரே, அதற்குத்தான் அஞ்சினார்.

சென்னையில் அவர் ஏறி இறங்காத சேனல் இல்லை. இறுதியில் ஒரு சேனலின் நிகழ்ச்சித் தலைவி, அவருடைய குறுந்தகட்டைப் பார்த்ததாகவும், அடுத்துப் படப்பிடிப்பு நடக்கும் நாளில் நேரில் வந்து பார்த்தே முடிவு சொல்வதாகவும் தெரிவித்தார். அவருக்கு ஓய்வு கிடைத்த நாள், ஆயுத பூஜை.

அன்றைக்கே உச்சக்காட்சி என்று மாமா முடிவு செய்தார். கோபித்துக்கொண்டு வீட்டை விட்டுப் போன கணவன் திரும்பி வர வேண்டும், மரகதம் கதவைத் திறக்க வேண்டும், அவ்வளவே. 'நாளைக்கு க்ளைமாக்ஸ். ஹீரோ நேரத்தோடு வரவும்' என்று தம் குழுவினர் அனைவருக்கும் பொதுவாகக் குறுஞ்செய்தி அனுப்பிவிட்டு நிம்மதியாக உறங்கினார். மற்ற நாட்களில் அந்தச் செய்தி பிழையாகியிருக்காது. எவருக்கு இரண்டாம் ஷிப்டோ அவர் வருவார். ஆயுத பூஜையன்று மூன்று ஷிப்டும் ஓய்ந்துவிடும் என்பது, ஆண்டெல்லாம் ஷிப்டைக் கொண்டே கணவரைத் தேர்ந்தெடுத்த மனிதருக்கு நினைவில் வரவில்லை.

காலையில் தெரு முழுவதும் உடைந்த பூசணிக்காய்கள். வாழைக்கன்று கட்டிய தொழிற்சாலைப் பேருந்துகள் ஓய்வாக நின்றன. வீடு வீடாகப் பொரிகடலைப் பொட்டலம். எங்கள் வாசலில் முதலில் சேகர் வந்தார், மீசையை முறுக்கிக்கொண்டு, தாயாரோடு. பின்னாலேயே ஜான், மனைவி மக்களோடு. அதன் பின் இசக்கி, அறையில் உடன் தங்கியிருந்த தென்மாவட்ட இளைஞர் பட்டாளத்தோடு. மூவரும் ஒரே நிறத்தில் புதுச் சட்டை அணிந்திருந்தார்கள். கதைப்படி கணவன் போனபோது அணிந்திருந்த நிறம் அது. விடுதிப் பெண்கள் மதில்மேல் ஏறி அமர்ந்துகொண்டார்கள்.

நிகழ்ச்சித் தலைவி காரிலிருந்து இறங்கிக் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினார். "வணக்கம். ஹீரோ யாருங்க?"

மூன்று கைகள் உயர்ந்தன.

"எம்புள்ளதாம்மா ஈரோ! மொத எபிசோடுல தாலி கட்டுனதே அவந்தான்!" என்று சேகரின் தாயார் முன்னால் வந்தார்.

"தாலி கட்டிட்டா ஆச்சா? மரகதத்தோட கொழந்தைக்குப் பேர் வச்சது எங்க வூட்டுக்காரரு," என்றார் ஜானின் மனைவி, தம் சொந்தக் குழந்தையை இடுப்பில் மாற்றிக்கொண்டு.

"ஆஸ்பத்திரில ரத்தங் குடுத்தது யாரு? நான்லா!" என்ற இசக்கி, மாமா பக்கம் திரும்பினார். "அண்ணாச்சி, நீங்களே சொல்லுங்க. நாங் குடுக்கலன்னா அந்தப் புள்ள பொழச்சிருக்குமா?"

மதில் மேலிருந்து, "ஜான்! ஜான்!" என்றொரு முழக்கம் எழுந்தது. மறுபுறத்திலிருந்து பொரி வீசப்பட்டது.

நிகழ்ச்சித் தலைவி நல்லவர், பொறுமையாகவே பேசினார். "சார், ஒரு கதைக்கு ஒரு ஹீரோதான் சார் முடியும். யாராவது ஒருத்தரை முடிவு பண்ணிட்டுச் சொல்லுங்க. நான் கிளம்பணும்."

ரோலிங் மாமா மூவரையும் மாறி மாறிப் பார்த்தார். இருவரைத் திருப்பி அனுப்ப வேண்டும். ஓராண்டாக, தூக்கத்தைத் துறந்து, கையிலிருந்த காசில் சட்டை வாங்கி, ஒரு பைசா பெறாமல் நடித்தவர்கள். நான் அறிந்த நாள்முதல் அவர் கேமராவுக்குப் பக்கத்தில் மௌனமாக நின்றது அன்றுதான். கூடத்தில் நாற்காலியிட்டு அமர்ந்திருந்த அப்பா தொண்டையைக் கனைத்தார்.

"சட்டைய தேச்சி வச்சிகீறேன் மாப்ள," என்றார் மெதுவாக.

அப்போது அக்கா முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு வாசலுக்கு வந்தாள். "இன்னாத்துக்கு ஒருத்தர அனுப்பணும்? மூணு பேரும் வரட்டும். நீ கேமராவப் புடி." கணவரைப் பொது இடத்தில் 'நீ' என்று அவள் விளித்ததும் அன்றுதான்.

கதவைச் சாத்தினாள். மூவரும் வெளியே. கேமரா உள்ளே. கதவு தட்டப்பட்டது. திறந்தாள், சேகர் நின்றார். "வெயில்லயே வந்துகீறயே. ஒக்காரு, தண்ணி குடி," என்றாள். சொம்பை நீட்டிவிட்டு மீண்டும் கதவைச் சாத்தினாள். தட்டியபோது ஜான் நின்றார். உதட்டில் விரலை வைத்தாள். "சத்தம் போடாத. புள்ளைங்க ஒன்னிய கேட்டுனே தூங்கிடுச்சிங்கோ." மறுபடி சாத்தினாள், திறந்தாள். இசக்கி. "கண்ணு இப்டி செவந்துகீதே. கஞ்சி குடிச்சிட்டு படு. வெளிச்சம் வராம நான் போர்வைய கட்றேன்."

பிறகு கதவை முழுவதுமாகத் திறந்து வைத்து, மூவரையும் பார்த்தாள். எழுதிக் கொடுத்த வசனம் எதுவும் இல்லை.

"வாரத்துக்கு ஒரு ஷிப்டு ஒனக்கு. வாரத்துக்கு ஒரு மனுசனா வர்ற. ஒரு வாரம் சிரிக்கிற, ஒரு வாரம் எரிஞ்சி வுழற, ஒரு வாரம் மூஞ்சியே காட்டாம தூங்கற. எந்த மனுசனா வந்தாலும் நான்தான் தொறக்கறேன். எனக்கு இன்னாய்யா ஷிப்டு?"

பொரிப் பொட்டலம் பிரியும் ஒலிகூட இல்லை. அந்த அமைதியில் அடுக்களை வாசலிலிருந்து, "ஆமாண்டி!" என்று உரக்க ஒரு குரல் கேட்டது. எங்கள் அம்மா. இல்லறத்தில் அவர் குரலுயர்த்தி நாங்கள் கேட்ட முதல் வாக்கியம் அது. தொடரிலும் அது அப்படியே பதிவாகியிருக்கிறது.

அப்பா திரும்பி அம்மாவைப் பார்த்தார். நெடுநேரம் பார்த்தார். பிறகு எழுந்தார். மருமகனுக்குப் பக்கத்தில் போய் நின்று, கேமராவின் சிறு திரையை எட்டிப் பார்த்தார்.

"மாப்ள, அந்த நீலச் சட்ட ஃபிரேம்ல வருது. கழட்டிடட்டா?"

"வேணாம் மாமா. அது இருந்தாத்தான் வூடு மாதிரி கீது," என்றார் ரோலிங். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, தெருக்கோடி வரை கேட்கும்படி கூவினார்: "ஒன் மோர் டேக் போறோம்! ரோலிங்!"

நிகழ்ச்சித் தலைவி அன்று கிளம்பவில்லை. அம்மா பரிமாறிய சாப்பாட்டைச் சாப்பிட்டுவிட்டு, தொடரை எடுத்துக்கொள்வதாகச் சொன்னார். ஒரே நிபந்தனை: கணவர்களில் ஒருவரையும் குறைக்கக் கூடாது. அந்த 'இவ்வாரக் கணவர்' அறிவிப்பும் வேண்டும்.

அதன் பிறகு நடந்தவற்றைத் தொலைக்காட்சி வைத்திருக்கும் எல்லோரும் அறிவார்கள். 'மரகதம் வீடு' பிற்பகல் வேளையில் ஓடி, ஆலைப் பகுதிகள் எங்கும் கொண்டாடப்பட்டது. அதை முடித்ததும் நகைச்சுவைத் தொடர், பாட்டுப் போட்டி, விநாடி வினா, திருவிழா நேரலை என்று மாமா கை வைக்காத வகை இல்லை. சமையல் நிகழ்ச்சியையும் விடவில்லை. இப்போது வளையல் அணிபவர் வேறொருவர். சென்னைக்குக் குடிபெயரும்படி எத்தனையோ பேர் சொன்னார்கள். அவர் மண்ணூரிலேயே கொட்டகை போட்டுத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கினார். புகழ்பெற்ற நடிகையர் ஒரகடம் கூட்டுச்சாலை நெரிசலில் காத்துக் கிடந்து, வியர்வையோடு வந்திறங்குவார்கள். "இப்பத்தான்ம்மா தொழிலாளி பொண்டாட்டி மாதிரி கீறீங்கோ. மேக்கப்பே வாணாம்," என்று உள்ளே அனுப்புவார்.

விருது வழங்கிய மேடையில் அவர் செய்ததும் இன்றுவரை பேசப்படுகிறது. நினைவுப் பரிசை வாங்கியவர், விளக்கொளி சரியாக விழவில்லை என்று அதைத் திருப்பிக் கொடுத்து, வழங்கிய பெரியவரை ஓரடி இடப்புறம் நகர்த்தி நிறுத்தி, மீண்டும் வாங்கிக்கொண்டார். பார்வையாளர் எழுந்து நின்று கைதட்டினார்கள். அந்தப் பரிசைச் சாப்பாட்டுப் பையில் வைத்து, பேருந்தில் மடியிலேயே ஏந்தி வந்தவர் எங்கள் அப்பா.

ஓய்வு பெற்றபின் அப்பாதான் கொட்டகையின் நிர்வாகி. ஆலை ஒழுங்கை அப்படியே கொண்டுவந்தார். தேநீர் இடைவேளைக்கு விசில். தாமதமாக வந்தால் அரை நாள் சம்பளம் கிடையாது. ஒருமுறை மாமாவே தாமதமாக வந்தார். அப்பா கடிகாரத்தைக் காட்டினார்.

"மாமா, நான் டைரக்டரு."

"சரிதான் மாப்ள. டைரக்டருக்கு அரை நாள் சம்பளம் கட்."

மாமா வெளியே போய், வேப்பமரத்தடியில் நண்பகல் வரை உட்கார்ந்திருந்தார். கொட்டகை முழுவதும் காத்திருந்தது. பிறகு உள்ளே வந்து, அரை நாளில் முழு நாள் வேலையை முடித்தார். அன்று மாலை இருவரும் ஒரே வாழைக்காய் பஜ்ஜியைப் பிய்த்துத் தின்றதைப் பார்த்தேன்.

அப்பா நோயுற்றுப் படுத்த காலத்தில், மாமா தம் நிகழ்ச்சிகள் எதையும் பார்க்கவில்லை. கட்டிலருகே அமர்ந்து கால் பிடித்துவிடுவார். "எடுத்தது சரியா வருதா மாப்ள?" என்று அப்பா கேட்பார். "ஒன் மோர் போனா இன்னும் நல்லா வரும் மாமா," என்பார் இவர். அப்பா அதை நம்பிக்கையாகவே எடுத்துக்கொண்டார் என்று நினைக்கிறேன்.

அப்பா போய்ச் சேர்ந்தார். அடுத்த மழைக்காலத்தில் அம்மாவும். சேகர் ஓசூருக்கு மாற்றலாகிப் போனார். ஜான் வளைகுடா நாட்டில் இருக்கிறார். இசக்கி ஊர் திரும்பிப் பலசரக்குக் கடை வைத்திருக்கிறார். மண்ணூர் வீட்டில் இப்போது அக்காவும் நானும் மாமாவும்தான் இருக்கிறோம். அவர் இருப்பதால், வீட்டில் ஆள் குறைந்துவிட்டதாக எங்களுக்கு இதுவரை தோன்றவில்லை.